ஊமைப்படத்துக்குத் தமிழ் சொன்னவர்

உலக மொழிபெயர்ப்பு வரலாற்றை எழுதப் போகிறவர் யாராக இருந்தாலும், 1994ஆம் ஆண்டு நவம்பர் பதினெட்டாம் தேதி வெள்ளிக்கிழமை மாலை நான்கு மணிக்கு அல் ஐன் நகரில் நடந்ததற்கு ஒரு தனி அத்தியாயம் ஒதுக்கியே தீர வேண்டும். அன்றுதான் ஒரு மனிதர், வாயே திறக்காத ஒரு படத்தை, அது சொல்ல நினைக்காததையும் சேர்த்து, தமிழில் மொழிபெயர்த்தார். அவர் பெயர் ரவிசங்கர். தொழிலால் இஞ்சினியர். விசாவில் சமையல்காரர்.

வளைகுடாவில் இருந்தவர்களுக்கு இதில் ஆச்சரியம் இருக்காது. கம்பெனியிடம் எந்த வேலைக்கு விசா மிச்சம் இருக்கிறதோ, விமானத்தில் வந்து இறங்குகிறவர் அந்த வேலைக்காரர். குழாய் பதிக்கும் அந்தக் கம்பெனியில் அப்போது மிச்சம் இருந்தது தொழிலாளர் கேம்ப் சமையல்காரர் விசா ஒன்றுதான். அதில் வந்த ரவிசங்கர் நான்கு வருடமாகப் பாலைவனத்து மணலுக்கடியில் மட்டம் பார்த்துத் தண்ணீர்க் குழாய் பதித்துக்கொண்டிருந்தார். அவருக்கு வெந்நீர் வைக்கக்கூடத் தெரியாது என்ற செய்தி அரசாங்கத் தாள்கள் வரை போய்ச் சேரவில்லை.

சமையல்காரரால் குடும்பத்தை அழைத்து வைத்துக்கொள்ள முடியாது. இஞ்சினியரால் முடியும். ரவிசங்கரிடம் பட்டம் இருந்தது. சோவியத் யூனியனில், கார்கோவ் நகரத்தில், ஆறு வருடம் பனியில் நடந்து வாங்கிய சிவப்பு அட்டைப் பட்டம். அதற்கு முத்திரை வாங்கப் போனபோது கவுண்டரில் இருந்தவர் நாடுகளின் பட்டியலை மேலிருந்து கீழாக ஒருமுறையும் கீழிருந்து மேலாக ஒருமுறையும் பார்த்தார்.

"இந்த நாடு இல்லையே, பாய்."

"இருந்துச்சு" என்றார் ரவிசங்கர்.

"எப்போ?"

"நான் படிக்கும்போது."

அவர் மிகுந்த அனுதாபத்தோடு பட்டத்தைத் திருப்பிக் கொடுத்தார். "நாடு திரும்பி வந்ததும் வாங்க."

நாடு வரவில்லை. ஆனால் மனைவி நளினியும் ஒன்பது வயது மகள் ஷ்ருதியும் கோயம்புத்தூரிலிருந்து விசிட் விசாவில் வந்துவிட்டார்கள். அந்த விசா நவம்பர் இருபத்தேழில் முடிகிறது. அதற்குள் ரவிசங்கரை இஞ்சினியர் ஆக்கினால் அவர்கள் இருக்கலாம். ஆக்காவிட்டால் பெட்டி கட்ட வேண்டும். ஆக்கக்கூடியவர் ஒரே ஒருவர்தான். 'இவர் உண்மையில் எங்கள் இஞ்சினியர்' என்று கம்பெனித் தாளில் அரபியில் ஒரு கடிதம் கொடுத்தால் போதும் என்று விசா அலுவலகத்தில் சொல்லியிருந்தார்கள். அந்தக் கடிதத்தில் கையெழுத்துப் போட வேண்டியவர் பர்சனல் மேனேஜர் பத்மநாபன்.

பத்மநாபனைப் பற்றி எழுந்து நின்று பேசுவதே முறை. அவர் வெறும் மேனேஜர் அல்ல. 'பாலைவனத் தமிழர் பண்பாட்டு உயர்மன்ற'த்தின் நிரந்தரத் தற்காலிகத் தலைவர். பன்னிரண்டு வருடங்களுக்கு முன், தேர்ந்தெடுக்கப்பட்ட தலைவர் இரண்டு வாரம் கனடா போய்வருவதாகச் சொல்லிவிட்டுப் போனார். அவர் வரும்வரை பத்மநாபன் தற்காலிகமாகப் பொறுப்பேற்றார். அவர் வரவில்லை. புதிய தேர்தல் நடத்தலாம் என்றால், வாக்காளர் பட்டியலில் தேர்ந்தெடுக்கப்பட்ட தலைவர் கையெழுத்துப் போட வேண்டும் என்பது மன்ற விதி. அவரோ கனடாவில். இப்படியொரு ஜனநாயகச் சிக்கலில் மாட்டிக்கொண்ட பத்மநாபன், முகம் சுளிக்காமல் பன்னிரண்டு வருடமாகப் பதவியைச் சுமந்துவந்தார்.

அவர் இடுப்பில் எப்போதும் ஒரு சாவிக்கொத்து தொங்கும். அதில் ஒரு சாவி, மன்றத்து ஹாலில் இருக்கும் இரும்பு பீரோவுடையது. அந்த பீரோவுக்குள் குழந்தைகள் நூலகம் இருந்தது. முந்நூறு புத்தகங்கள். ஊரிலிருந்து நன்கொடையாக வந்து ஆறு வருடம் ஆகிறது. தகுந்த பிரமுகர் கிடைத்துத் திறந்து வைக்கும் வரை திறக்கக்கூடாது என்று தலைவர் உத்தரவு. இதனால் அல் ஐனில் ஒரு பக்கம்கூடக் கிழியாத ஒரே நூலகம் என்ற பெருமை மன்றத்துக்குக் கிடைத்தது.

இனி படம். அதைக் கொண்டுவந்தவர் செய்கு அலாவுதீன். கீழக்கரைக்காரர். ரவிசங்கர் குடியிருந்த கட்டடத்தின் கீழ்த்தளத்தில் ரேடியோ, டிவி, இஸ்திரிப் பெட்டி விற்கும் கடை வைத்திருந்தார். துபாயில் சரக்கு எடுக்கப் போன இடத்தில், ரஷ்யாவிலிருந்து வந்து மூட்டை மூட்டையாகச் சரக்கு எடுத்துக்கொண்டிருந்த ஒரு பெண்மணிக்கு அட்டைப்பெட்டி கட்டிக் கொடுத்தார். அந்த அம்மாள் நன்றியாக ஒரு வீடியோ கேசட்டைக் கையில் திணித்துவிட்டுப் போனார். கடைக்கு வந்து போட்டுப் பார்த்தால் படம் வருகிறது, சத்தம் வரவில்லை. அலாவுதீன் வீடியோவில் டேப்பைப் படிக்கும் ஹெட்டை மூன்று முறை கழுவினார். வயரை மாற்றினார். டிவியையே மாற்றினார். கடைசியில், கெட்டுப்போன கேசட்தானே என்று அதன் மேல் ஷார்ஜா கிரிக்கெட்டைப் பதிய ஆரம்பித்து, பத்து நிமிடத்தில் இந்தியா அவுட்டாகத் தொடங்கியதும் வெறுத்துப்போய் நிறுத்திவிட்டார். அதன் பிறகுதான் யாரோ சொன்னார்கள், அது ஊமைப்படம் என்று. சோவியத் ஆட்சி வந்த புதிதில், அனாதைப் பிள்ளைகளை வைத்து எடுத்த படம். படத்தின் பெயரும் எடுத்தவர் பெயரும் கிரிக்கெட்டுக்கு அடியில் போய்விட்டன.

மன்றத்தின் குழந்தைகள் தின விழாவுக்கு அதை அவர் அன்பளிப்பாகக் கொடுத்தார். செயற்குழு கூடி விவாதித்தது.

"படத்துல ஆபாசமா வசனம் இருக்குமா?" என்று கேட்டார் செயலாளர் வாசு.

"சத்தமே வராதுங்கறேன்" என்றார் அலாவுதீன்.

"பாட்டு?"

"அதுவுஞ் சத்தந்தானே, வாசு சார்."

வாசு ஃபைலைப் புரட்டினார். ஹாலுக்குக் கீழே இருக்கும் கிளினிக் டாக்டர், விழாக்களில் சத்தம் தாங்கவில்லை என்று மூன்று கடிதம் எழுதியிருந்தார். "குழந்தைகளுக்கு ஏத்த படம்" என்று அவர் முடிவுக்கு வந்தார்.

தலைவர் பத்மநாபன் கண்ணை மூடி யோசித்துவிட்டுத் திறந்தார். "படம் பேசாது. அதனால நடுநடுவுல நான் பேசலாம். தீர்மானம் நிறைவேறியது."

பெயரில்லாத படத்தைத் திரையிடுவது பண்பாடு ஆகாது என்பதால், 'பெரியோர் சொல் கேட்ட பிள்ளைகள்' என்று படத்துக்குப் பெயரும் சூட்டினார்கள். யாரும் இன்னும் படத்தைப் பார்க்கவில்லை. காட்சிகளுக்கு நடுவில் திரையில் ரஷ்ய எழுத்து அட்டை அட்டையாக வருகிறது என்று அலாவுதீன் சொன்னதும் எல்லோருக்கும் ரவிசங்கர் நினைவுக்கு வந்தார். அல் ஐன் தமிழர்களில் ரஷ்ய மொழி தெரிந்தவர் அவர் ஒருவரே.

புதன்கிழமை மாலை கேசட் ரவிசங்கரின் அறைக்கு வந்தது. கூடவே அலாவுதீனின் மகள் மாஹிராவும் வந்தாள். பத்து வயது. அல் ஐனிலேயே பிறந்து வளர்ந்தவள். ஷ்ருதி வந்த இரண்டு மாதத்தில் இருவரும் ஒட்டிக்கொண்டிருந்தார்கள். நளினி முறுக்கைத் தட்டில் வைத்துவிட்டு உட்கார்ந்தாள்.

படம் ஓடியது. பனி. நீளமான கல் கட்டடம். அப்பா, அம்மா இல்லாத முப்பது நாற்பது பிள்ளைகள். தொளதொள சட்டை, கிழிந்த பூட்ஸ். அவர்களைக் காக்கும் வார்டன் ஒருவர். பெரிய வயிறு, பெரிய மீசை, இடுப்பில் சாவிக்கொத்து. சர்க்கரையும் ரொட்டியும் ஓர் அலமாரிக்குள் பூட்டிக் கிடக்கின்றன. 'நாளை மேலதிகாரி வருவார். அவர் முன்னால்தான் திறக்க வேண்டும்' என்கிறார் வார்டன். மேலதிகாரி வருவதில்லை. பிள்ளைகள் கரியால் சுவரில் ரொட்டியைப் படமாக வரைந்து, அதைப் பார்த்துக்கொண்டே பச்சைத் தண்ணீர் குடிக்கிறார்கள்.

ரவிசங்கருக்குப் பத்து வருடம் கழித்து நாக்கில் ரஷ்ய மொழி ஊறியது. கார்கோவ் ஹாஸ்டலும், முதல் குளிர்காலத்தில் ஷூவுக்குள் செய்தித்தாள் திணிக்கக் கற்றுக் கொடுத்த அறைத் தோழனும் நினைவுக்கு வந்தார்கள். அவர் எழுந்து நின்று, ஒவ்வோர் அட்டையையும் கை காலை ஆட்டித் தமிழில் சொன்னார். "'எங்களுக்குப் பசிக்குது!' அப்படிங்கறான். இந்தக் கட்டை முடிப் பொண்ணு என்ன சொல்றா தெரியுமா? 'நாமளே கூட்டம் போடுவோம்! நம்ம தலைவரை நாமளே தேர்ந்தெடுப்போம்!'"

பிள்ளைகள் கூட்டம் போட்டார்கள். கைகள் உயர்ந்தன. கட்டை முடிப் பெண் வார்டனின் இடுப்பிலிருந்து சாவியைக் கழற்றினாள். அலமாரி திறந்தது. ஷ்ருதியும் மாஹிராவும் கட்டிலின் மேல் ஏறிக் குதித்தார்கள். கடைசிக் காட்சியில் வார்டன் முக்காலியில் உட்கார்ந்து உருளைக்கிழங்கு உரித்துக்கொண்டிருந்தார். மாஹிராவுக்குச் சிரித்துச் சிரித்து விக்கல் வந்துவிட்டது.

நளினி மட்டும் சிரிக்கவில்லை. "ஏனுங்க, அந்தச் சாவிக்கொத்து ஆளு யாராட்டம் இருக்காருன்னு பார்த்தீங்களா?"

ரவிசங்கர் அப்போதுதான் பார்த்தார். மீசை. வயிறு. இடுப்பு. கையிலெடுத்த முறுக்கைத் தட்டில் திருப்பி வைத்தார்.

மறுநாள் காலை அவர் பத்மநாபனின் அறைக்குப் போனார். மேசைமேல் அரபியில் டைப் செய்த கடிதம் இருந்தது. கையெழுத்து இருக்க வேண்டிய இடம் வெள்ளையாக இருந்தது.

"படம் பார்த்தாச்சா, ரவி? எப்படி?"

"நல்ல படம் சார். ஆனா கடைசியில பசங்க கூட்டம் போட்டு வார்டனை மாத்திடறாங்க."

"எங்க மாத்தறாங்க? வேற ஊருக்கா?"

"உருளைக்கிழங்கு உரிக்கறதுக்கு சார்."

பத்மநாபன் இடுப்புச் சாவிக்கொத்தைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார். பிறகு மிகவும் கனிவாகப் பேசினார். "ரவி, உங்களுக்கு ரஷ்யன் எத்தனை வருஷப் பழக்கம்?"

"ஆறு வருஷம் சார்."

"தமிழ்?"

"பொறந்ததுலேர்ந்து."

"தமிழ்ப் பண்பாட்டுல தலைவரை உருளைக்கிழங்கு உரிக்க வைக்கற வழக்கம் உண்டா?"

"தெரிஞ்சு இல்ல சார்."

"அப்ப அதை எப்படித் தமிழ்ல சொல்ல முடியும்? வழக்கமே இல்லாததுக்கு வார்த்தை எப்படி இருக்கும்? மொழிபெயர்ப்புன்னா பாஷையை மாத்தறது இல்ல, ரவி. பொறுப்பு." கடிதத்தின்மேல் ஒரு கண்ணாடிக் குண்டை எடுத்து வைத்தார். "லெட்டர் ரெடி. நிகழ்ச்சி நல்லபடியா முடியட்டும். சனிக்கிழமை காலைல கையெழுத்துப் போட்டுடறேன். உங்க பொண்ணு பேர் என்ன? ஷ்ருதியா? அழகான பேர். இங்கேயே படிக்கட்டும்."

இதை மிரட்டல் என்று எடுத்துக்கொள்கிறவர்கள் நிர்வாகத்தை அறியாதவர்கள். அதில் ஒரு கடுஞ்சொல்கூட இல்லை.

வீட்டுக்கு வந்து நளினியிடம் சொன்னார். அவள் துணி மடித்துக்கொண்டிருந்தாள். "நாலு வருஷம் நீங்க இங்க, நாங்க அங்க. பேங்க்குக்குப் போறது நான், டாக்டர்கிட்ட போறது நான். அவ ஃபோன்ல 'அப்பா எப்ப வருவாரு'ன்னு கேட்டுக் கேட்டு, அப்புறம் கேக்கறதையே விட்டுட்டா. ஒரு ஊமைப்படத்துக்காக மறுபடியும் ஏரோப்ளேன் ஏறச் சொல்றீங்களா?" மடித்த பாவாடையை உதறி மறுபடியும் மடித்தாள். "படந்தான் பேசறதில்லையே. நீங்க என்ன சொன்னா அதுக்கென்னங்க?"

இவ்வாறாக இலக்கியத் துறையின் இரு பெரும் அறிஞர்களும் ஒரே கருத்துக்கு வந்ததை ரவிசங்கர் கண்டார்.

வெள்ளிக்கிழமை வந்தது. ஹால் நிறைந்துவிட்டது. அலாவுதீன் தன் கடையிலேயே பெரிய டிவியை மூன்று பேரை வைத்துத் தூக்கி வந்திருந்தார். தரையில் ஜமுக்காளம். அதில் நாற்பத்து மூன்று குழந்தைகள். பின்னால் நாற்காலிகளில் பெற்றோர். முன்வரிசையில் தனி சோபாவில் ரோஜா மாலையோடு தலைவர். அவருக்குப் பின்புறம், சுவரோரம் இரும்பு பீரோ. டிவிக்குப் பக்கத்தில் ஒரு ஸ்டூலில் ரவிசங்கர். ஷ்ருதியும் மாஹிராவும் குழந்தைகளுக்கு நடுவில் உட்கார்ந்து, அப்பா கை காலை ஆட்டப்போகும் தருணத்துக்காகக் காத்திருந்தார்கள்.

முதல் அட்டை வந்தது. 'எங்களுக்குப் பசிக்கிறது!'

ரவிசங்கர் தொண்டையைச் செருமினார். "'நாங்கள் நன்றாகச் சாப்பிட்டோம், ஐயா' என்கிறான் சிறுவன்."

"அங்கிள், அவன் அழறானே?" என்றது முன்னாலிருந்த ஒரு வாண்டு.

"ஆனந்தக் கண்ணீர்" என்றார் ரவிசங்கர். தலைவர் தலையசைத்தார்.

அடுத்த அட்டை. 'சர்க்கரை எங்கே?'

"'சர்க்கரை பல்லைக் கெடுக்கும். அதைப் பூட்டி வைத்ததற்கு நன்றி.'"

பெற்றோர் வரிசையில் இருந்த ஒரு பல் டாக்டர் கைதட்டினார்.

ரவிசங்கருக்குக் காது சூடாகிவிட்டது. ஆனால் ஒன்றைக் கவனித்தார். இரண்டு பொய் சொன்ன பிறகு மூன்றாவது தானாக வந்தது. நாக்கில் எண்ணெய் தடவியது போலிருந்தது. கட்டை முடிப் பெண் மேசைமேல் ஏறி முஷ்டியை உயர்த்தினாள். அட்டை வந்தது. அவர் அதைப் படிக்கக்கூட இல்லை.

"'வாருங்கள், கூட்டம் கூட்டி நமது வார்டனுக்கு நன்றி சொல்வோம்!'"

ஜமுக்காளத்தின் நடுவில் ஷ்ருதி எழுந்து நின்றாள். "அப்பா! அன்னிக்கு வேற மாதிரி சொன்னீங்களே?"

ஹால் அமைதியானது. ஊமைப்படத்துக்கு உரிய முழு மரியாதை அந்த ஒரு நிமிடம்தான் கிடைத்தது. ரவிசங்கர் மகளைப் பார்த்தார். பின்வரிசையில் நளினியைப் பார்த்தார். நளினி தன் கைப்பையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"உட்காரு, ஷ்ருதி."

"இல்லப்பா, அன்னிக்கு நீங்க..."

"உட்காருன்னு சொன்னேன்ல!"

உட்கார்ந்தாள். அதன் பிறகு அவள் டிவியைப் பார்க்கவில்லை. அப்பாவையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஒரு குழந்தை அப்படிப் பார்க்கும்போது எதிரில் இருப்பவர் கையை எங்கே வைத்துக்கொள்வது என்பதற்கு எந்த மொழியிலும் வழி சொல்லப்படவில்லை. அவர் கையைப் பாக்கெட்டில் வைத்தார். எடுத்தார். மறுபடியும் வைத்தார்.

இதற்குள் மாஹிரா வேலையைத் தொடங்கிவிட்டாள். இடதுபக்கம் திரும்பி ஏதோ முணுமுணுத்தாள், வலதுபக்கம் திரும்பி முணுமுணுத்தாள். புதன்கிழமை கேட்டதெல்லாம் அவளுக்கு நினைவிருந்தது. அட்டைக்கு அட்டை, ஆங்கிலத்தில், காதுக்குக் காது. ஒரே படத்துக்கு இரண்டு மொழிபெயர்ப்பு ஓடத் தொடங்கியது. நாற்காலிகளுக்குத் தமிழ். ஜமுக்காளத்துக்கு ஆங்கிலம். நாற்காலிகள் உருக்கமாகத் தலையசைத்த இடங்களில் ஜமுக்காளம் சிரித்தது.

சாவி கழன்ற காட்சியில் ரவிசங்கர், "'சாவியைத் துடைத்துத் தருகிறேன், ஐயா' என்கிறாள்" என்றார். ஜமுக்காளத்திலிருந்து 'ஓ' என்று ஒரு கூச்சல். கீழே டாக்டர் கம்பால் கூரையைத் தட்டினார். உருளைக்கிழங்குக் காட்சியில், "உண்மையான தலைவர் சமையலறை வேலைக்கும் அஞ்சமாட்டார்" என்றார். தலைவர் மாலையைச் சரிசெய்துகொண்டார். சமையல்காரர் விசா வைத்திருந்தவர் அந்த வாக்கியத்தை மட்டும் ஏனோ வேகமாகச் சொல்லி முடித்தார்.

படம் முடிந்தது. தலைவர் எழுந்து இருபத்தைந்து நிமிடம் பேசினார். பிறகு ஜமுக்காளத்தைப் பார்த்துக் கேட்டார்: "குழந்தைகளே! இந்தப் படத்திலிருந்து என்ன கற்றுக்கொண்டீர்கள்?"

மாஹிரா எழுந்தாள். "அங்கிள், வீ ஆல்ஸோ வான்ட் எ மீட்டிங். வீ வான்ட் டு எலெக்ட் அவர் லீடர்." பீரோவை நோக்கிக் கையை நீட்டினாள். "அண்ட் வீ வான்ட் தட் கீ." பிறகு திரும்பி, "ஹேண்ட்ஸ் அப்!" என்றாள்.

நாற்பத்து மூன்று கைகள் உயர்ந்தன. ஷ்ருதியின் கை எல்லாவற்றையும்விட மேலே இருந்தது. முழங்காலில் நின்று தூக்கியிருந்தாள்.

அந்த ஹாலில் அக்கவுண்டன்டுகள் இருந்தார்கள், ஆசிரியைகள் இருந்தார்கள், நர்ஸுகள் இருந்தார்கள். தலைவரோ நாள் முழுக்க ஆங்கிலத்திலேயே ஆள் எடுத்து ஆங்கிலத்திலேயே ஆளை அனுப்புகிறவர். ஆங்கிலம் தெரியாதவர் அந்த அறையில் ஒருவர்கூட இல்லை. ஆனால் மன்றத்துக்கு ஏழாவது விதி என்று ஒன்று உண்டு. 'அவையில் பிறமொழி ஒலித்தால், தமிழாக்கம் செய்யப்படும் வரை அது ஒலித்ததாகக் கருதப்படாது.' ஆகவே அத்தனை பேரும் எதையும் கேட்காதவர்களாகக் காத்திருந்தார்கள்.

தலைவர் மெதுவாகத் திரும்பினார். "மொழிபெயர்ப்பாளரே, குழந்தைகள் என்ன சொல்கிறார்கள்?"

ரவிசங்கர் எழுந்தார். கையில் அட்டை இல்லை, எதிரில் டிவி இல்லை. நாற்பத்து மூன்று கைகள் இருந்தன. இப்போது இல்லாத ஒரு நாட்டில் எப்போதோ தூக்கிய கைகள் அல்ல. தினமும் காலையில் ஸ்கூல் பஸ்ஸுக்கு ஓடும் கைகள். சொல்லிவிடலாம் என்று ஒரு கணம் தோன்றியது. வாய்கூடத் திறந்தது. கண்ணாடிக் குண்டுக்குக் கீழே ஒரு தாள் இருந்தது நினைவுக்கு வந்தது. மூடிக்கொண்டது. மறுபடியும் திறந்தபோது அதிலிருந்து வந்தது வேறு.

"தலைவரே தொடர்ந்து எங்களை வழிநடத்த வேண்டும் என்று குழந்தைகள் ஒருமனதாகக் கேட்டுக்கொள்கிறார்கள். பீரோச் சாவியும் அவரிடமே பத்திரமாக இருக்கட்டும் என்கிறார்கள்."

நாற்காலிகளிலிருந்து எழுந்த கைதட்டலில் டாக்டரின் கம்புச் சத்தம் கேட்கவில்லை. செயலாளர் வாசு, கைகள் கீழே இறங்குவதற்குள் எண்ணி முடித்து, நடவடிக்கைக் குறிப்பேட்டில் எழுதினார்: 'ஆதரவு 43. எதிர்ப்பு இல்லை.' பன்னிரண்டு வருடங்களில் மன்றத்தில் நடந்த முதல் தேர்தல் அது. முறைப்படி தேர்ந்தெடுக்கப்பட்டுவிட்டதால் 'தற்காலிக' என்ற சொல் நீக்கப்பட்டு, அடுத்த வாரமே 'நிரந்தரத் தலைவர்' என்று புதிய லெட்டர்பேடு அச்சாகி வந்தது.

ரவிசங்கருக்கு ஒரு கேடயம் கொடுத்தார்கள். 'சொல்லுக்குச் சொல் உண்மை' என்று அதில் பொறித்திருந்தது. முன்கூட்டியே செய்து வைத்தது. குழந்தைகளுக்கு ஆளுக்கொரு லட்டு. ஷ்ருதி வாங்கிக்கொள்ளவில்லை.

டிவியை அட்டைப்பெட்டிக்குள் இறக்கிக்கொண்டிருந்த அலாவுதீன், கேடயத்தோடு கடந்துபோன ரவிசங்கரைப் பார்த்துச் சொன்னார்: "தம்பி, சத்தம் வரலேண்டு நா மூணுதரம் ஹெட்டக் கழுவுனேன். கோளாறு வீடியோவுல இல்ல போலிருக்கே." கோபமாகச் சொல்லவில்லை. ஒரு மெக்கானிக்கின் சந்தேகமாகத்தான் சொன்னார்.

வீட்டில் ஷ்ருதி பேசாமல் சாப்பிட்டாள். பேசாமல் படுத்தாள். "பயணக் களைப்பு" என்றாள் நளினி. ஹாலுக்கும் வீட்டுக்கும் ஐந்து நிமிட நடை.

சனிக்கிழமை காலை பத்மநாபன் சொன்ன சொல் தவறாமல் கையெழுத்துப் போட்டார். சொன்ன சொல் தவறாதவர்களிடம் இதுதான் சிரமம், நாமும் சொல்லில் தவறியிருக்கக்கூடாது என்று தோன்றும். பின்னால் நடந்தவை எல்லாமே மங்களம். சமையல்காரர் இஞ்சினியரானார். இருபத்தாறாம் தேதி, ஒரு நாள் மிச்சம் இருக்கையில், விசா அடித்து வந்தது. நளினி பெட்டியைக் கட்டிலுக்கு அடியில் தள்ளினாள். ஷ்ருதி பள்ளிக்கூடம் போனாள், நன்றாகவும் படித்தாள். பீரோ திறக்கப்படவில்லை, ஆகவே புத்தகங்களும் நலம். கேடயம் டிவியின் மேல் நின்றது. யாருக்கும் எந்தக் குறையும் இல்லை.

கடிதம் கைக்கு வந்த அந்தச் சனிக்கிழமை மதியம் நடந்த ஒன்று மட்டும் மன்றக் குறிப்பேட்டில் இல்லை. சிறிய விஷயம். ரவிசங்கருக்கு அரபி படிக்கத் தெரியாது. பத்மநாபன் நல்லபடியாகத்தான் எழுதியிருப்பார், இருந்தாலும் கொண்டுபோய்க் கொடுப்பதற்குமுன் ஒருமுறை தெரிந்துகொண்டால் நல்லது என்று பட்டது. வீட்டுக்குப் போகும் வழியில் அலாவுதீனின் கடையில் நுழைந்தார். அலாவுதீன் தொழுகைக்குப் போயிருந்தார். கல்லாவில் பள்ளிச் சீருடையோடு மாஹிரா உட்கார்ந்து வீட்டுப்பாடம் எழுதிக்கொண்டிருந்தாள். ஒன்றாம் வகுப்பிலிருந்தே பள்ளியில் அரபி படிக்கிறவள்.

"மாஹிரா, இதைக் கொஞ்சம் படிச்சுச் சொல்லும்மா."

அவள் தாளை வாங்கினாள். வலமிருந்து இடமாக, வரிக்கு வரி விரல் வைத்து, உதட்டை மட்டும் அசைத்து, கடைசிவரை படித்தாள். ஷ்ருதியின் எதிர்காலம் முழுவதும் அந்தத் தாளில் இருந்தது. ரவிசங்கர் அவள் விரலையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"என்னம்மா எழுதியிருக்கு?"

மாஹிரா தலையைத் தூக்கி அவரைப் பார்த்தாள். அவள் முகத்தில் குறும்பு இல்லை, கோபம் இல்லை. பெரியவர்களிடம் வேலையைச் சரியாகக் கேட்டுக்கொண்டு செய்யும் பிள்ளையின் பணிவு மட்டுமே இருந்தது.

"அங்கிள், இதுல இருக்கறதைச் சொல்லணுமா? இல்ல, நீங்க சொல்ற மாதிரி சொல்லணுமா?"